பழைய காயம், இன்றைய சார்ட்: மேற்கைத் தமனி சீக்வெலாவுக்குக் கோடு போடுவது எப்படி

சென்னையில் உட்கார்ந்து அமெரிக்க மருத்துவமனைகளுக்கு மெடிக்கல் கோடிங் (டாக்டர் குறிப்பில் உள்ள நோயை ஐ.சி.டி.-10-சி.எம். கோடாக மாற்றும் வேலை) செய்கிறவர்களில் நானும் ஒருத்தி. வேலையில் சேர்ந்த ஐந்தாவது மாதம் என்னை எலும்பு, ரத்தக்குழாய் சார்ட்டுகளுக்கு மாற்றினார்கள். போன முதல் வாரமே ஒரே மாதிரியான நான்கு சார்ட்டுகளில் நான்கு விதமாகத் தப்புச் செய்தேன். நான்குமே மேற்கைத் தமனியில், அதாவது தோளுக்கும் முழங்கைக்கும் நடுவே ஓடும் பிரேக்கியல் ஆர்ட்டரியில், எப்போதோ பட்ட காயம் விட்டுப்போன மிச்சத்துக்கு (சீக்வெலா) இப்போது வைத்தியம் பார்க்க வந்தவர்களுடையவை. ஆடிட்டர் அனுப்பிய ஷீட்டில் என் பெயருக்கு எதிரே முழுக்கச் சிவப்பு. டி.எல். (டீம் லீடர்) திட்டவில்லை. "புக்கை எடுத்துப் படிச்சுட்டு வாம்மா" என்றார், அவ்வளவுதான். படித்ததையும் அடிபட்டுக் கற்றதையும் கீழே எழுதியிருக்கிறேன். சி.பி.சி. (கோடர்களுக்கான தேர்வு) முடித்துவிட்டுப் புதிதாகச் சேர்ந்தவர்களை மனதில் வைத்து எழுதியது.

கோடுகளின் எழுத்துகளை இங்கே தமிழில்தான் எழுதுகிறேன். என்கோடரில் (கோடு தேடித் தரும் மென்பொருள்) ஆங்கில எழுத்தாகவே அடியுங்கள். ஒரு குழப்பம் வரும்: தமிழில் இரண்டு எழுத்துக்கும் 'டி' என்றே வருகிறது. கோடின் தொடக்கத்தில் வந்தால் அது டேபிளின் டி, கடைசியில் வந்தால் டாக்டரின் டி.

1. 'இன்று எதற்கு வந்தார்?' என்று முதலில் கேளுங்கள்

என்கோடரைத் திறப்பதற்கு முன்னால் இந்த ஒரு கேள்விக்கு விடை எடுத்துவிடுங்கள். பெரும்பாலான காயக் கோடுகளின் ஏழாவது எழுத்து ஏ, டி, எஸ் மூன்றில் ஒன்று. ஏ என்றால் காயத்துக்கே வைத்தியம் நடக்கிறது. டி என்றால் வைத்தியம் முடிந்து காயம் ஆறிவருகிறது, அதைப் பார்க்க வந்திருக்கிறார். எஸ் என்றால் காயம் ஆறிவிட்டது, ஆனால் மிச்சம் ஒன்றை வைத்துவிட்டுப் போயிருக்கிறது. அந்த மிச்சத்துக்குத்தான் இன்று வந்திருக்கிறார். சீக்வெலா என்பது இதுதான்.

என் முதல் தப்பு இங்கேதான். பதினான்கு மாதத்துக்கு முன் பட்ட காயம், நோயாளி திரும்ப வந்திருக்கிறார், அப்படியானால் 'அடுத்தடுத்த வருகை', ஆகவே டி என்று போட்டேன். வந்ததோ மடங்கிப்போன விரல்களுக்கு. தமனியை அன்று யாரும் தொடவே இல்லை. அது எஸ்.

காலக்கணக்கு வைத்து முடிவு செய்யாதீர்கள். ஆறு மாதம் தாண்டினால் எஸ், அதற்குள் என்றால் டி என்று சில பயிற்சி வகுப்புகளில் சொல்லிக் கொடுக்கிறார்கள். அப்படி ஒரு விதியே கிடையாது. சீக்வெலாவுக்குக் கால வரம்பு இல்லை என்று அதிகாரபூர்வ வழிகாட்டு விதிகளே சொல்கின்றன. மூன்றாவது மாதத்திலும் வரலாம், முப்பதாவது வருடத்திலும் வரலாம்.

ஏ என்றால் முதல் வருகை என்று நினைப்பதும் தப்பு. ஒரு மருத்துவமனையில் கட்டுப்போட்டு இன்னொரு மருத்துவமனைக்கு அனுப்பி, அங்கே தமனியைத் தைத்தால், அங்கேயும் ஏ-தான்.

மிச்சமே இல்லாமல் முழுக்க ஆறிவிட்டது, டாக்டர் பழைய கதையாகத்தான் எழுதியிருக்கிறார் என்றால் எஸ்45 (தோள், மேற்கை ரத்தக்குழாய்க் காயங்கள்) பக்கமே போகவேண்டாம். இசட்87.828 போதும். இன்னொன்று: அறுவை சிகிச்சைக்குப் பிந்தைய பராமரிப்புக்கான இசட் கோடுகளைக் காயத்துக்குப் போடக்கூடாது. அந்த வேலையை டி எழுத்தே செய்துவிடும்.

2. எந்த ஆவணத்தைத் திறப்பது, எதை மூடுவது

இன்றைய வருகைக் குறிப்புதான் அடிப்படை. பழைய அறுவை சிகிச்சை அறிக்கை, அவசரப் பிரிவுக் குறிப்பு, நரம்புப் பரிசோதனை அறிக்கை, பிசியோதெரபி குறிப்பு எல்லாம் சிஸ்டத்தில் கிடக்கும். ஆசைப்பட்டு அதிலிருந்தெல்லாம் கோடு எடுக்கக்கூடாது. ஒவ்வொரு வருகையும் தன் காலில் நிற்க வேண்டும்.

என் இரண்டாவது தப்பு இது. இன்றைய குறிப்பில் 'வலது பிரேக்கியல் தமனிக் காயம், 2023' என்று மட்டும் இருந்தது. பழைய அறிக்கையைத் திறந்து தமனி வெட்டுப்பட்டது என்று தெரிந்துகொண்டு, எஸ்45.111எஸ் போட்டுவிட்டேன். உண்மை என்னவோ அதுதான். ஆனால் இன்றைய டாக்டர் அதை எழுதவில்லை. எழுதியதை வைத்துப் பார்த்தால் எஸ்45.101எஸ், அதாவது வகை குறிப்பிடாத காயம். பழைய அறிக்கை எதற்கு உதவும் என்றால், குவெரி எழுத, அதாவது டாக்டரிடம் எழுதிக் கேட்க.

இடமா வலமா என்பதில் மட்டும் கொஞ்சம் தளர்வு உண்டு. டாக்டர் பக்கத்தைச் சொல்லாமல் விட்டு, அதே வருகையில் நர்ஸ் எழுதியிருந்தால் அதை எடுத்துக்கொள்ளலாம். இருவரும் வேறு வேறு பக்கத்தைச் சொன்னால் டாக்டரிடம் கேட்டே ஆகவேண்டும். பிசியோதெரபிஸ்ட் எழுதிய நோய்ப்பெயரை வைத்துக் கோடு போடாதீர்கள்.

3. எந்தத் தமனி, என்ன காயம், எந்தப் பக்கம்

அக்குள் தமனிக்கு எஸ்45.0. மேற்கைத் தமனிக்கு எஸ்45.1. அக்குளிலோ மேற்கையிலோ உள்ள சிரைக்கு எஸ்45.2. முழங்கை மடிப்பைத் தாண்டியதும் மேற்கைத் தமனி ரேடியல், அல்னார் என்று இரண்டாகப் பிரிகிறது. அதற்குக் கீழே என்றால் எஸ்55-க்குப் போகவேண்டும். 'முழங்கைக்குப் பக்கத்தில்' என்று மொட்டையாக எழுதியிருந்தால் தமனியின் பெயரைத் தேடுங்கள், இடத்தை வைத்து ஊகிக்காதீர்கள்.

எஸ்45.1-க்குள் மூன்று கிளை. வகை சொல்லாவிட்டால் எஸ்45.10, வெட்டு அல்லது கிழிசல் என்றால் எஸ்45.11, பெயர் சொல்லப்பட்ட வேறு காயம் என்றால் எஸ்45.19. ஆறாவது இடத்தில் பக்கம்: வலதுக்கு 1, இடதுக்கு 2, சொல்லாவிட்டால் 9. வலது கை, வெட்டு, பின்விளைவு என்றால் எஸ்45.111எஸ். எண்ணிப் பாருங்கள், ஏழு இடமும் நிறைந்துவிட்டது, காலி இடத்தை நிரப்பும் எக்ஸ் தேவையில்லை. அதே விபத்தில் மேற்கையில் மீடியன் நரம்பும் அடிபட்டிருந்தால் எஸ்44.11எக்ஸ்எஸ். அங்கே ஓர் எக்ஸ் வேண்டும். பக்கத்துப் பக்கத்துக் கோடுகள்தானே என்று ஒன்றைப் பார்த்து இன்னொன்றை அடித்தால் என்கோடர் தலையாட்டாது.

ஆறாவது இடத்தில் 9 வரும் கோடைப் போட்டுவிட்டுத் தூங்கப் போகாதீர்கள். கைக்குப் பக்கம் தெரியாமல் இருக்குமா என்று கேட்டுத்தான் பல காப்பீட்டு நிறுவனங்கள் திருப்பி அனுப்புகின்றன. நியாயமான கேள்விதான்.

இந்தப் படியில் இன்னொரு குழி உண்டு. இதய ஆஞ்சியோவுக்காகக் கையில் குழாய் விட்டபோது தமனி சேதமாகியிருந்தால் அது எஸ்45 இல்லை. சிகிச்சையால் வந்த சிக்கல் அது, அதற்குக் கோடுகள் வேறு. செய்யும்போதே தவறுதலாகக் குத்திக் கிழித்திருந்தால் ஐ97.5 வகை, செய்து முடித்த பிறகு தமனியில் வந்த சிக்கல் என்றால் டி81.71 வகை. கோடு புத்தகத்தின் இண்டெக்ஸில் 'காயம்' என்ற சொல்லில் தொடங்கினால் அங்கே போய்ச் சேரமாட்டீர்கள், 'சிக்கல்' என்ற சொல்லில் தொடங்குங்கள்.

4. மிச்சம் என்ன என்பதற்குக் கோடு

அதிகம் அடிபடும் இடம் இதுதான். எஸ் எழுத்து போட்ட காயக் கோடு, காரணத்தை மட்டும்தான் சொல்கிறது. நோயாளிக்கு இன்று என்ன கஷ்டம் என்பதைத் தனியாக இன்னொரு கோடு சொல்ல வேண்டும். இரண்டும் சேர்ந்தால்தான் கதை முழுதாகும்.

நான் மறக்காத சார்ட்டைச் சொல்கிறேன். அடையாளம் தெரியாதபடி விவரங்களை மாற்றியிருக்கிறேன். கண்ணாடிக் கதவு பொருத்துகிறவர். கண்ணாடி நழுவி வலது மேற்கையைக் கிழித்துவிட்டது. தமனியைத் தைத்துவிட்டார்கள், ஆனால் ரத்தம் போகாமல் இருந்த நேரத்தில் முன்கைத் தசை செத்துச் சுருங்கிவிட்டது. விரலை நிமிர்த்தச் சொன்னால் நிமிராது. மணிக்கட்டை உள்பக்கம் மடக்கினால் மட்டும் நிமிர்கிறது என்று டாக்டர் எழுதியிருந்தார். கீழே 'வோல்க்மன் இஸ்கெமிக் கான்ட்ராக்சர், முந்தைய மேற்கைத் தமனி வெட்டுக்காயத்தின் பின்விளைவு, வலது முன்கைத் தசைச் சுருக்கம்' என்று தெளிவாக ஒரு வரி. இப்படி ஒரு வரி எழுதும் டாக்டருக்குக் கோயில் கட்டலாம்.

வோல்க்மன் என்று இண்டெக்ஸில் தேடினால் தசைகளுக்கான எம் அத்தியாயத்துக்குப் போகும் என்று எதிர்பார்த்தேன். போகாது. டி79.6-க்குப் போகிறது. அதுவும் காய அத்தியாயம்தான், அதற்கும் ஏழாவது எழுத்து உண்டு: டி79.6எக்ஸ்எக்ஸ்எஸ். இரண்டு எக்ஸ். இப்போது என் கையில் இருந்த இரண்டு கோடுமே எஸ்-இல் முடிந்தன. இரண்டுமே காரணத்தைச் சொல்கின்றன, இன்றைய கஷ்டத்தைச் சொல்ல ஆளில்லை. டாக்டர் தசைச் சுருக்கத்தைத் தனியாக எழுதியிருந்ததால் எம்62.431-ஐ முதலில் வைத்தோம். எங்கள் அணியில் இப்படித்தான் வைக்கிறோம். உங்கள் க்ளையண்டின் கைட்லைன் வேறு மாதிரி சொன்னால் அதையே பின்பற்றுங்கள்.

தசைச் சுருக்கத்துக்கும் மூட்டுச் சுருக்கத்துக்கும் கோடு வேறு. முன்கைத் தசை வலது எம்62.431, இடது எம்62.432. கை மூட்டு வலது எம்24.541, இடது எம்24.542. எம்62.4-இன் கீழே மூட்டுச் சுருக்கத்தை விலக்கும் குறிப்பு இருக்கிறது. கண்ணை மூடிக்கொண்டு இரண்டையும் சேர்த்துப் போட்டால் எடிட் விழும், அதாவது மென்பொருள் பிழை காட்டும்.

அடிக்கடி வரும் மற்றவை: முன்கைத் தசை மெலிந்துபோனால் எம்62.531 அல்லது 532. காயத்தால் நீடிக்கும் வலி என்று டாக்டர் எழுதினால் ஜி89.21. காசால்ஜியா (நரம்புக் காயத்தால் வரும் எரிச்சல் வலி) என்று எழுதினால் வலதுக்கு ஜி56.41, இடதுக்கு ஜி56.42. தழும்புக்காக வந்திருந்தால் எல்90.5. அதற்கான காயம் தமனிக் காயம் இல்லை, தோல் வெட்டு. ஆகவே எஸ்41 வகையில் எஸ் எழுத்து. தழும்புக்கு எஸ்45-ஐக் காரணமாகக் காட்டியதுதான் என் மூன்றாவது தப்பு.

தமனியில் பொய்ப்பை (சுவர் கிழிந்து ரத்தம் தேங்கிய வீக்கம்) உருவாகியிருந்தால் கொஞ்சம் நிதானியுங்கள். கைத் தமனி வீக்கத்துக்கு ஐ72.1 இருக்கிறது, பொய்ப்பையும் அதில் அடங்கும். ஆனால் காயத்தால் வந்த வீக்கம் என்று இண்டெக்ஸில் போனால் அது உங்களைத் திரும்பக் காயக் கோடுக்கே தள்ளும். எங்கள் ஆடிட்டர்களே இரண்டு கட்சியாகப் பிரிந்து நின்ற இடம் இது. 'பழைய காயத்தின் பின்விளைவு' என்று டாக்டர் வாயால் வாங்கிய பிறகுதான் ஐ72.1-ஐ முன்னால் வைப்பேன். அதுவரை குவெரிதான்.

வெளிநோயாளி சார்ட்டில் 'வோல்க்மன் ஆக இருக்கலாம்', 'சந்தேகம்' என்று எழுதியிருந்தால் அதற்குக் கோடு கிடையாது. அறிகுறிக்குத்தான். வலது கை விறைப்புக்கு எம்25.641, மரத்துக் குறுகுறுப்பதற்கு ஆர்20.2.

5. வரிசை மாறினால் க்ளைம் திரும்பும்

மிச்சம் முதலில், எஸ் எழுத்துக் காயம் பின்னால். வழிகாட்டு விதிகள் சொல்லும் வரிசை இதுதான். எஸ் எழுத்தை முதல் இடத்தில் வைத்தாலோ தனியாக விட்டாலோ பல காப்பீட்டு நிறுவனங்களின் மென்பொருள் க்ளைமை, அதாவது பணம் கேட்டு நாம் அனுப்பும் படிவத்தை, மனிதக் கண் படும் முன்பே தள்ளிவிடும். என் நான்காவது தப்பு இது. சொல்லவே வெட்கம், ஏனென்றால் தேர்வில் இதே கேள்விக்குச் சரியாகத்தான் பதில் எழுதியிருந்தேன்.

கண்ணாடிக் கதவு சார்ட் கடைசியில் இப்படிப் போனது:

எம்62.431
டி79.6எக்ஸ்எக்ஸ்எஸ்
எஸ்45.111எஸ்
டபிள்யூ25.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்எஸ்

அதே காயத்துக்கு ஏ எழுத்துக் கோடையும் எஸ் எழுத்துக் கோடையும் ஒன்றாகப் போடக்கூடாது. க்ளைம் படிவத்தில் 12 கோடு வரை இடம் உண்டு, ஆனால் ஒவ்வொரு சேவை வரிக்கும் 4 பாயிண்டர்தான் (அந்தச் சேவை எந்தக் கோடுக்காக என்று காட்டும் சுட்டி). வரிசையைச் சரியாக வைத்துவிட்டுப் பாயிண்டரைக் கோட்டைவிட்டால் பயனில்லை. கை அசைவுப் பயிற்சிக்கான வரி எஸ்45.111எஸ்-ஐ முதலில் சுட்டினால், வரிசை தப்பானதற்குச் சமம்தான்.

6. எப்படி அடிபட்டது

கண்ணாடி என்றால் டபிள்யூ25, கத்தி என்றால் டபிள்யூ26.0. இந்த வெளிக்காரணக் கோடுகளுக்கும் கடைசி எழுத்து எஸ். இது முதல் இடத்தில் வரவே கூடாது. நாடு முழுவதற்கும் கட்டாயமில்லை, மாநிலமோ காப்பீட்டு நிறுவனமோ கேட்டால் கட்டாயம். வேலையில் அடிபட்டவர் என்றால் நான் கேட்காமலே போட்டுவிடுவேன். எங்கே, என்ன செய்துகொண்டிருந்தபோது அடிபட்டது என்று சொல்லும் ஒய்92, ஒய்93 கோடுகளும் வேலைநிலையைச் சொல்லும் ஒய்99-உம் முதல் சிகிச்சை வருகையோடு முடிந்தன. சீக்வெலா சார்ட்டில் சேர்க்காதீர்கள்.

7. குவெரி எழுதுவது

காயத்துக்கும் இன்றைய கஷ்டத்துக்கும் முடிச்சு போடுவது டாக்டரின் வேலை. 'பின்விளைவு', 'காரணமாக', 'அதனால் வந்த' போன்ற ஒரு சொல் இல்லாவிட்டால் நீங்களாக முடிச்சுப் போடக்கூடாது. கேட்க வேண்டும், ஆனால் பதிலை வாயில் ஊட்டக்கூடாது. 'இது தமனிக் காயத்தால் வந்த சுருக்கம்தானே, உறுதிசெய்யவும்' என்று எழுதினால் அது லீடிங் குவெரி, ஆடிட்டில் மாட்டும். நான் எழுதும் விதம்:

'இன்றைய குறிப்பில் வலது முன்கைத் தசைச் சுருக்கமும், 2023-இல் வலது மேற்கைத் தமனிக் காயமும் பதிவாகியுள்ளன. சுருக்கத்தின் காரணத்தைக் குறிப்பிட இயலுமா? முந்தைய தமனிக் காயத்தின் பின்விளைவு / வேறு காரணம் (குறிப்பிடவும்) / மருத்துவரீதியாகத் தீர்மானிக்க இயலவில்லை.'

காயத்தின் வகையும் தெரியவேண்டும் என்றால் அதே குவெரியில் இரண்டாவது கேள்வியாகச் சேர்த்துவிடுங்கள். ஒரே சார்ட்டுக்கு இரண்டு முறை அனுப்பினால் டாக்டருக்கும் எரிச்சல், உங்களுக்கும் தாமதம்.

8. நேரமும் செலவும்

நாம் காலையில் அனுப்பும் குவெரி அமெரிக்காவில் இரவில் போய் விழுகிறது. எனக்குப் பதில் வரச் சராசரியாக இரண்டு, மூன்று நாள் ஆகும். வெள்ளிக்கிழமை அனுப்பினால் செவ்வாய்க்கு முன் எதிர்பார்க்காதீர்கள். ஆகவே ஷிஃப்ட் தொடங்கியதும் சீக்வெலா சார்ட்டுகளை முதலில் திறந்து, குவெரி தேவைப்படுவதை அனுப்பிவிட்டு, அப்புறம் சுலபமானவற்றுக்குப் போங்கள். சுலபமானதை முதலில் முடித்து ப்ரொடக்‌ஷன் எண்ணிக்கையை ஏற்றிக்கொள்ளும் ஆசை எல்லோருக்கும் வரும். மாதக் கடைசியில் தொங்கும் சார்ட்டுகளைப் பார்த்தால் அந்த ஆசை போய்விடும்.

மெடிகேர் (அமெரிக்க அரசின் காப்பீடு) க்ளைமுக்குச் சேவை தேதியிலிருந்து ஒரு வருடம் அவகாசம். பல தனியார் நிறுவனங்கள் 90 அல்லது 180 நாளிலேயே கதவைச் சாத்திவிடும். திரும்பி வந்தது ரிஜெக்‌ஷனா டினையலா என்று பாருங்கள். ரிஜெக்‌ஷன் என்றால் க்ளைம் உள்ளேயே போகவில்லை, திருத்தித் திரும்ப அனுப்பலாம். டினையல் என்றால் பார்த்துவிட்டு மறுத்திருக்கிறார்கள். மெடிகேரில் முதல் மேல்முறையீட்டுக்கு 120 நாள்.

கோடு பட்டியலும் வழிகாட்டு விதிகளும் சி.எம்.எஸ்., சி.டி.சி. என்ற அமெரிக்க அரசு அமைப்புகளின் தளங்களில் இலவசமாகவே கிடைக்கின்றன. 'நோட்ஸ்' என்று டெலிகிராமில் விற்பதை வாங்கிக் காசைக் கரியாக்காதீர்கள், நான் கரியாக்கினேன். அச்சுப் புத்தகம் தேர்வுக்குத் தேவைப்படும். அதில் மிச்சம் பிடிக்க நினைத்துப் பழைய பதிப்பை வாங்க வேண்டாம்.

கோடுகள் ஒவ்வொரு அக்டோபர் 1 அன்றும் மாறும், ஏப்ரல் 1 அன்றும் சின்ன மாற்றங்கள் வரலாம். அக்டோபர் முதல் வாரத்தில் உங்கள் க்யூவில் செப்டம்பர் சார்ட்டுகளும் கலந்து கிடக்கும். வெளிநோயாளிக்குச் சேவை தேதியையும், உள்நோயாளிக்கு டிஸ்சார்ஜ் தேதியையும் பார்த்துத்தான் எந்த வருடக் கோடு என்று முடிவு செய்ய வேண்டும். நீங்கள் சார்ட்டைத் திறந்த தேதியை என்கோடர் தானாகவே எடுத்துக்கொண்டிருக்கும், அதை மாற்றுங்கள்.